வால்டிமார் ஹாப்கின்

கோயம்புத்தூர் நகரில் பிளேக் மாரியம்மன் என்னும் பெயர் தாங்கிய கோயில்கள் உள்ளன. மாரி என்பது மழை. மழையைத் தருபவளாகவும் அம்மை நோயைத் தணிப்பவளாகவும் மாரியம்மனை வழிபடுதல் கொங்கு நாட்டு மக்களின் தொன்றுதொட்ட வழக்கம். அத்தெய்வத்தின் பெயருக்கு முன்னே பிளேக் என்னும் வேற்று மொழிச் சொல் வந்து அமர்ந்தது, நூறு ஆண்டுகளுக்கு முன் அந்நகர் பட்ட பெருந்துன்பத்தால் ஆகும். 1901ஆம் ஆண்டு மக்கட் கணக்கெடுப்பின்படி அங்கு வாழ்ந்தோர் 53,080 பேர். பத்தாண்டு கழித்து எண்ணியபோது 47,007 பேரே இருந்தனர். நூற்பாலைகள் தோன்றி, வேலை நாடிப் பிற ஊரார் வந்து குடியேறிய நகரம் அது. அத்தகைய ஊரின் மக்கள் தொகை பெருக வேண்டுமேயன்றிக் குறைதல் இயல்பன்று. குறைத்தது பிளேக் என்னும் கொள்ளைநோயே. இருபதாம் நூற்றாண்டின் முற்பகுதியில் மீண்டும் மீண்டும் வந்த அந்நோய்க்கு அந்நகர் பலிகொடுத்த உயிர்கள் ஏறத்தாழ 20,000 என்பர்.

நோய் வருவதை முன்னறிவிப்பவை எலிகளே. வீட்டின் மோட்டு வளையிலிருந்து எலி செத்து விழுந்தால், அவ்வீட்டார் பானை சட்டிகளைக் கட்டிக்கொண்டு ஊருக்கு வெளியே தோட்டங்காடுகளுக்குச் சென்று குடிசை போட்டுத் தங்குவர். கடைகள் அடைபடும், பள்ளிகள் மூடப்படும். காய்ச்சலும், அக்குளிலோ தொடையிடுக்கிலோ நெறிகட்டுதலும் கண்டால், சில நாள்களுக்குள் உயிர் பிரிதலே பெரும்பான்மையாக நிகழ்ந்தது. ஆதலின், நோய் வந்தபின் செய்யத்தக்கது அந்நாளில் மிகக் குறைவு. வருமுன் காத்தற்கு ஒரு வழி இருந்தது. அவ்வழியைக் கண்டவர் இந்தியர் அல்லர், ஆங்கிலேயரும் அல்லர், மருத்துவத் தொழில் பயின்றவருங்கூட அல்லர். அவரே வால்டிமார் ஹாப்கின்.

ஹாப்கின் 1860ஆம் ஆண்டில், அந்நாளில் உருசியப் பேரரசுக்கு உட்பட்டிருந்ததும் இந்நாளில் உக்ரேன் நாட்டில் உள்ளதுமான ஒதெசா என்னும் துறைமுக நகரில் யூதக் குடும்பம் ஒன்றில் பிறந்தார். அந்நகரப் பல்கலைக்கழகத்தில் உயிர்நூல் கற்றார். அவருக்கு ஆசிரியராய் வாய்த்தவர் மெச்னிகாவ் என்னும் பேரறிஞர். நம் குருதியிலுள்ள வெள்ளணுக்கள் நோய்க் கிருமிகளை விழுங்கி உடலைக் காக்கின்றன என்று உலகுக்குக் காட்டியவர் அவரே. நல்லாசிரியர் வாய்த்தும், நாட்டின் நிலை ஹாப்கினுக்கு நல்லதாய் அமையவில்லை. யூதரைக் கும்பல் கூடித் தாக்குதல் அக்காலத்தில் அங்கு அடிக்கடி நிகழ்ந்தது. அத்தகைய கலவரம் ஒன்றில் தம் மக்களைக் காக்க முற்பட்டு அவர் காயமுற்றார், சிறையும் புகுந்தார். பல்கலைக்கழகத்தில் உயர்பதவி பெற வேண்டுமாயின் தம் சமயத்தைக் கைவிட்டு அரசினர் சமயத்தைத் தழுவுதல் வேண்டும் என்னும் நிலை ஏற்பட்டது. அவர் அதற்கு இசைந்திலர், நாட்டைத் துறந்தார்.

சுவிட்சர்லாந்து நாட்டின் ஜெனீவா நகரில் சிறிது காலம் பணி செய்து, பின்பு பாரிசு மாநகரில் லூயி பாஸ்டரின் பெயரால் விளங்கிய ஆய்வு நிலையத்தை அடைந்தார். அங்கு அவருக்கு முதலில் கிடைத்தது நூலகப் பணியே. பகலில் நூல்களை அடுக்கியும், எஞ்சிய பொழுதில் கிருமிகளை ஆராய்ந்தும் காலங்கழித்தார். அந்நாளில் ஐரோப்பாவையும் ஆசியாவையும் ஒருங்கே அச்சுறுத்திய நோய் காலரா. நம்மவர் அதனை வாந்திபேதி என்றும் பேதி என்றும் வழங்கினர். காலராக் கிருமியை அடக்கிப் பதப்படுத்தி மருந்தாக்கிய ஹாப்கின், 1892ஆம் ஆண்டு சூலைத் திங்கள் 18ஆம் நாள் அதனைத் தம் உடலிலேயே ஊசி வழிச் செலுத்திக்கொண்டார். காய்ச்சல் வந்தது, உயிருக்கு ஊறு நேரவில்லை. தாம் ஆக்கிய மருந்தைப் பிறர்க்குக் கொடுக்குமுன் தாம் ஏற்றல் அவர் வாழ்நாள் முழுதும் கைக்கொண்ட வழக்கமாயிற்று.

மருந்தின் வன்மையை மெய்ப்பிக்க வேண்டுமாயின் காலரா மிகுந்த நாட்டுக்குச் செல்லுதல் வேண்டும். கங்கை பாயும் வங்கமே அதற்குரிய இடம் என்று தேர்ந்து, 1893ஆம் ஆண்டு கல்கத்தாவுக்கு வந்தார். வெள்ளையர் ஒருவர் ஊசியும் கையுமாய்த் தெருவில் வரக் கண்ட மக்கள் அஞ்சினர், கல்லெறிந்தவரும் உண்டு. அதில் அவர்களைக் குறை கூறுதற்கு இடமில்லை. அடிமைப்பட்ட நாட்டில் ஆள்வோர் கொணர்ந்த எதனையும் மக்கள் ஐயுறுதல் இயல்பே. ஹாப்கின் காவலரை அழைக்கவில்லை. உடன் வந்த மருத்துவர்களோடு மக்கள் கண்காணத் தாமே ஊசி குத்திக்கொண்டார். கண்டோர் சிலர் முன்வந்தனர்; பின்னர்ப் பலர் வந்தனர்.

1894ஆம் ஆண்டில் கல்கத்தாவின் சேரி ஒன்றில் காலரா தோன்றியது. அங்கிருந்த 200 பேரில் 116 பேர் ஊசி ஏற்றனர், எஞ்சியோர் ஏற்கவில்லை. அதன்பின் அச்சேரியில் நோய்வாய்ப்பட்டோர் அனைவரும் ஊசி ஏற்காதவரே. ஒரே நீரைப் பருகி, ஒரே தெருவில் வாழ்ந்தோரிடையே இவ்வேறுபாடு தோன்றியதைக் கண்ட நகராட்சியினர், அப்பணி மேலும் நடைபெறப் பொருளுதவி செய்தனர். ஊர் ஊராய்ச் சுற்றி, இரண்டரை ஆண்டுக்குள் 40,000க்கும் மேற்பட்டோர்க்கு ஊசி செலுத்திய ஹாப்கின், மலேரியாக் காய்ச்சலால் நலிந்து 1895இல் ஐரோப்பா திரும்பினார். உடல் தேறியதும் மறு ஆண்டே மீண்டும் வந்தார்.

வந்த வேளையில் பம்பாயில் வேறொரு பகை காத்திருந்தது. 1894ஆம் ஆண்டில் ஆங்காங் துறைமுகத்தைச் சூறையாடிய பிளேக், கப்பலேறி 1896ஆம் ஆண்டு செப்டம்பரில் பம்பாயின் மாண்டவிப் பகுதியில் வெளிப்பட்டது. பல்லாயிரவர் நகரைவிட்டு ஓடினர். ஓடியவரோடு நோயும் நாடெங்கும் பரவியது. அந்த ஆண்டு அக்டோபரில் அரசினர் ஹாப்கினைப் பம்பாய்க்கு அழைத்தனர். கிராண்ட் மருத்துவக் கல்லூரியில் ஓர் அறையும் தாழ்வாரமும் அவருக்கு ஆய்வுக்கூடமாயின. ஓர் எழுத்தரும் மூன்று பணியாட்களுமே துணை. பெருநகரைக் காக்க அரசு அளித்த படை அவ்வளவே!

அங்கு அவர் மருந்தாக்கிய முறை அறியத்தக்கது. இறைச்சிச் சாற்றைக் குடுவையில் ஊற்றி, அதன்மீது சிறிது நெய்யையோ தேங்காயெண்ணெயையோ மிதக்கவிடுவார். பிளேக் கிருமிகள் அந்நெய்த் துளிகளைப் பற்றிக்கொண்டு, குகையின் மேற்கூரையினின்று தொங்கும் சுண்ணாம்புக் கூம்புகளைப் போலச் சாற்றினுள் கீழ்நோக்கி வளரும். குடுவையை அசைத்தால் அவை உதிர்ந்து அடியில் படியும். மீண்டும் புதியன வளரும். இவ்வாறு சில வாரங்கள் வளர்த்தபின், அச்சாற்றைச் சூடேற்றிக் கிருமிகளைக் கொன்று, கெடாதிருத்தற்குச் சிறிதளவு கார்பாலிக் அமிலம் சேர்ப்பார். இறந்த கிருமி நோயை உண்டாக்காது. ஆயினும் அது உடலுட் புகுந்ததும், பகைவனை முன்னரே பார்த்து வைத்துக்கொண்ட காவலனைப் போல உடல் விழித்துக்கொள்ளும். பின்னர் உயிருள்ள கிருமி வந்தாலும் எதிர்த்து நிற்கும். இந்துக்களும் முசுலிம்களும் மருந்தை மனத்தடையின்றி ஏற்கவேண்டும் என்பதற்காக, மாட்டிறைச்சியையும் பன்றியிறைச்சியையும் விலக்கி ஆட்டிறைச்சியையே பயன்படுத்தினார். மருந்தின் வன்மையை மட்டும் கருதாமல், அதனை ஏற்கும் மனிதரின் மனத்தையும் கருதியவர் அவர்.

மூன்று திங்கள் இரவு பகலாய் உழைத்தார். துணைவருள் ஒருவர் உளம் நொந்து நோயுற்றார். சிலர் விலகிச் சென்றனர். 1897ஆம் ஆண்டு சனவரி 10ஆம் நாள், பிறர்க்குக் கொடுக்க எண்ணிய அளவினும் மிகுதியாகத் தம் உடலிற் செலுத்திக்கொண்டார். கடுங்காய்ச்சலும் வலியும் கண்டு தேறினார். அம்மாத இறுதியில் பைகுல்லாச் சிறைச்சாலையில் பிளேக் புகுந்தது. சிறையிலிருந்தோருள் விரும்பி முன்வந்தோர்க்கு மட்டும் ஊசி செலுத்தப்பட்டது. ஊசி ஏற்காத 172 பேரில் 12 பேர் நோயுற்று 6 பேர் மாண்டனர். ஏற்ற 147 பேரில் நோயுற்றோர் இருவரே; மாண்டவர் இல்லை. மருந்து நோயை முற்றிலும் தடுப்பதன்று. எனினும் உயிரைக் காப்பதில் வல்லது என்பது இதனாற் புலனாயிற்று. ஹாப்கினும் இதற்கு மேற்பட எதனையும் உரிமை கொண்டாடவில்லை.

அதே காலத்தில் ஆங்கில அரசினர் வேறு வழியிலும் நோயை ஒடுக்க முற்பட்டனர். 1897இல் கொள்ளைநோய்ச் சட்டம் ஒன்று இயற்றப்பட்டது. 2020ஆம் ஆண்டில் கொரோனா பரவியபோது நம் நாட்டில் எடுத்தாளப்பட்டதும் அச்சட்டமே. புனா நகரில் படைவீரர் வீடுதோறும் புகுந்து சோதனை செய்தனர். பெண்டிர் உறையும் அறைகளும் பூசை அறைகளும் தப்பவில்லை. பொருள்கள் எரிக்கப்பட்டன, நோயாளிகள் உற்றாரிடமிருந்து பிரித்துக் கொண்டு செல்லப்பட்டனர். மக்கள் சினம் முற்றி, சூன் 22ஆம் நாள் பிளேக் அதிகாரியாகிய ராண்ட் என்பவர் சுடப்பட்டார். அந்நகரிலேயே, அதற்கு மூன்று திங்களுக்கு முன், நோயுற்ற சிறுவன் ஒருவனைச் சுமந்து மருத்துவத்துக்குக் கொண்டு சேர்த்த சாவித்திரிபாய் புலே அந்நோய்க்கே இரையானார். பெண்கல்விக்குப் பள்ளி கண்ட அவ்வம்மையார் மறைந்தது மார்ச்சு 10ஆம் நாள். ஒரே நகரில், ஒரே நோயின் முன், அச்சுறுத்திப் பணிகொண்டவரையும் அன்பாற் பணிசெய்தவரையும் ஒருசேரக் கண்டது அவ்வாண்டு.

ஹாப்கின் வற்புறுத்தலை விரும்பாதவர். பம்பாயில் கோஜா முசுலிம்களின் தலைவராய் விளங்கிய இளைஞர் ஆகாகான், தம் மக்கள் தயங்குதலைக் கண்டு, அவர்கள் நடுவே தாமே ஊசி ஏற்றார். ஒரு முறையன்று, பன்முறை. தம் மாளிகை ஒன்றையும் ஆய்வுக்கூடத்துக்கு ஈந்தார். அக்குலத்தார் பல்லாயிரவர் ஊசி ஏற்றனர். 1899ஆம் ஆண்டு ஆகஸ்டுத் திங்களில், பரேல் என்னுமிடத்தில் ஆளுநர் வாழ்ந்த பழைய மாளிகையில் பிளேக் ஆய்வுக்கூடம் பெரிய அளவில் தொடங்கப்பெற்றது. அங்கு நிரப்பப்பட்ட மருந்துப் புட்டிகள் இந்திய நாட்டின் பல மாகாணங்களுக்கும் சென்றன. கடல் கடந்தும் சென்றன. ஓர் அறையில் நால்வரோடு தொடங்கியவர் பேரமைப்பு ஒன்றின் தலைவரானார்.

இந்நிலையில்தான் அவரைத் தீவினை போல் வந்து சூழ்ந்தது முல்கோவால் நிகழ்ச்சி. முல்கோவால் என்பது, இன்று பாக்கிஸ்தானில் அடங்கிய பஞ்சாபுப் பகுதியில் உள்ள ஊர். 1902ஆம் ஆண்டு அக்டோபர் 30ஆம் நாள் அங்கே 107 பேர்க்குப் பிளேக் ஊசி செலுத்தினர். சில நாளில் அவருள் 19 பேர்க்கு ரணஜன்னி கண்டது, பத்தொன்பதின்மரும் இறந்தனர். இறந்தோர் அனைவரும் ஒரே புட்டியிலிருந்து மருந்து பெற்றவர். பிற புட்டிகளிலிருந்து பெற்ற 88 பேர்க்கும் தீங்கு நேரவில்லை. ஆகவே அப்புட்டி ஒன்றில் மட்டும் ரணஜன்னிக் கிருமி புகுந்துள்ளது என்பது தெளிவு. புகுந்தது எங்கே? மருந்து ஆக்கிய பம்பாயிலா, புட்டியைத் திறந்த முல்கோவாலிலா? ஹாப்கினின் வாழ்வே இவ்வொரு வினாவைப் பற்றி நின்றது.

ஆராய அமைத்த குழுவினர், குறை பம்பாய் ஆய்வுக்கூடத்திலேயே நேர்ந்திருத்தல் கூடும் என்று கருதினர். மருந்தை விரைவாகவும் மிகுதியாகவும் ஆக்கும்பொருட்டு அக்காலத்தில் ஹாப்கின் முறையைச் சிறிது மாற்றிக் கார்பாலிக் அமிலத்தை விட்டிருந்தார். அதுவே காரணம் என்றனர். அவர் பொறுப்பினின்று விலக்கப்பட்டார். மருத்துவப் பட்டம் பெறாத வேற்று நாட்டார் ஒருவர் உயர்ந்த இடத்தில் இருத்தலைப் பொறாத மருத்துவர் சிலர் அந்நாளில் இருந்தனர் என்பதும் இங்கே கருதத்தக்கது. ஊதியமின்றி, பெயர் கெட்டு, அவர் இலண்டனுக்குச் சென்றார்.

அவர் கூறிய விடை எளியது. அப்புட்டியைத் திறந்தபோது தீய நாற்றம் எதுவும் எழவில்லை என்பது திறந்தவரே ஒப்பிய செய்தி. ரணஜன்னிக் கிருமி பல வாரங்களுக்கு முன்னரே பம்பாயில் புகுந்திருக்குமாயின், அது பெருகி மருந்தே நாறியிருக்கும். மேலும், திறக்கும்போது பணியாள் கையிலிருந்த இடுக்கி தரையில் விழுந்தது என்பதும், அதனைத் தீயில் முறையாகக் காய்ச்சாமலே எடுத்துத் தக்கையை வாங்கினான் என்பதும் வெளியாயின. ரணஜன்னிக் கிருமி மண்ணில் வாழ்வது. குதிரையும் மாடும் உலவும் இடத்து மண்ணில் மிகுதியும் வாழ்வது. விழுந்த இடுக்கியை எடுத்து அப்படியே பயன்படுத்திய அவ்வொரு நொடி, 19 உயிர்களையும் ஓர் அறிஞரின் பெயரையும் கொண்டு சென்றது.

இவ்வுண்மை வெளிப்பட்டு நிலைபெற ஐந்து ஆண்டு ஆயிற்று. இலண்டனில் லிஸ்டர் நிலையத்தார் சான்றுகளை மீண்டும் ஆராய்ந்தனர். மலேரியாவைக் கொசு பரப்புதலைச் செகந்திராபாத்தில் கண்டறிந்து நோபல் பரிசு பெற்ற ரொனால்டு ராஸ் முன்னின்று, அறிஞர் பதின்மர் ஒப்பமிட்ட முடங்கல் ஒன்று 1907ஆம் ஆண்டு சூலைத் திங்களில் இலண்டன் டைம்ஸ் இதழில் வெளிவந்தது. பழி ஹாப்கினைச் சாராது என அதில் அவர்கள் நிறுவினர். ராஸ் தாமே மருத்துவர்; இந்திய மருத்துவத் துறையில் பணி புரிந்தவர். தம் துறையார் செய்த பிழையைத் துறையைச் சேர்ந்த ஒருவரே எடுத்துரைத்தது பெருமைக்குரியதே. அவ்வாண்டின் இறுதியில் அரசினர் ஹாப்கினுக்குப் பணியை மீண்டும் அளித்தனர்.

ஆயினும் அளித்தது முழுமையன்று. பரேல் ஆய்வுக்கூடத்தில் வேறொருவர் அமர்ந்துவிட்டார். ஹாப்கின் கல்கத்தாவுக்கு அனுப்பப்பட்டார். அங்கு மக்களுக்குப் புதிய மருந்து செலுத்தி ஆராயும் உரிமை அவருக்குத் தரப்படவில்லை. ஆய்வுக்கூடத்தினுள் அடங்கிய பணியே தரப்பட்டது. சேரிகளிலும் தேயிலைத் தோட்டங்களிலும் நடந்தே பழகிய கால்களுக்கு அது விலங்கு போன்றதே. முதல் உலகப் போரின் தொடக்கக் காலத்தில் ஓய்வு பெற்று இந்தியாவை விட்டு நீங்கினார். அவர் மணம் புரிந்துகொள்ளவில்லை. ஐரோப்பாவில் தனித்து வாழ்ந்து, இறுதி ஆண்டுகளைச் சுவிட்சர்லாந்து நாட்டின் லோசான் நகரில் கழித்தார்.

அவர் நீங்கிய பின்னரும் பிளேக் நீங்கவில்லை. 1896 முதல் சில பத்தாண்டுகளில் இந்தியாவில் அந்நோயால் இறந்தோர் தொகை ஒரு கோடியைக் கடந்தது. எலியின் உடலில் வாழும் தெள்ளுப்பூச்சியே நோயை மனிதர்க்குக் கொணர்கிறது என்பதை 1898இல் சைமண்டு என்னும் பிரெஞ்சு அறிஞர் கண்டு கூறியும், உலகம் அதனை ஏற்கப் பல ஆண்டு ஆயிற்று. ஏற்றபின்னர், செத்த எலியைக் கையால் தொடலாகாது, தானிய மூட்டைகளுக்கிடையே எலி குடியேற விடலாகாது, எலி விழுந்த வீட்டைவிட்டு உடனே நீங்குக, ஊசி ஏற்றுக்கொள்க என்னும் நெறிகள் ஊர்தோறும் பரவின. தோட்டங்காட்டுக்குக் குடிபெயர்ந்த கொங்கு நாட்டு மக்கள், தெள்ளுப்பூச்சியைப் பற்றி ஒன்றும் அறியாமலே, தக்கதைச் செய்திருந்தனர் என்பது நினைக்க வியப்பாய் உள்ளது. நெருக்கமான பழைய தெருக்களைவிட்டு நகர் அகன்று வளர வேண்டும் என்னும் எண்ணமும் அத்துன்பத்தினின்றே வலுப்பெற்றது. நகராட்சித் தலைவர் இரத்தினசபாபதி முதலியாரின் பெயர் தாங்கி மேற்கே எழுந்த அகன்ற தெருக்களே இன்றைய ஆர். எஸ். புரம்.

பரேல் ஆய்வுக்கூடத்துக்கு 1925ஆம் ஆண்டில் ஹாப்கின் நிலையம் என்று பெயர் சூட்டப்பெற்றது. அப்போது அவர் உயிரோடு இருந்தார். செய்தி அவர்க்கு எட்டியது, மகிழ்ந்தார். 1930ஆம் ஆண்டு அக்டோபர் 26ஆம் நாள், தம் எழுபதாம் வயதில், லோசானில் காலமானார். 1964ஆம் ஆண்டில் இந்திய அரசு அவர் உருவம் பொறித்த அஞ்சல் தலை ஒன்றை வெளியிட்டது.

கொரோனாக் காலத்தில், 2020ஆம் ஆண்டு மார்ச்சில் மூடப்பட்ட பள்ளிகள் நெடுநாள் திறவாதிருந்து, சிறிது சிறிதாகத் திறந்தன. 2022ஆம் ஆண்டு சனவரி 3ஆம் நாள் முதல் நாடெங்கும் 15 முதல் 18 வயது வரையிலான மாணவர்க்குத் தடுப்பூசி செலுத்தப்பட்டது. கோயம்புத்தூரிலும் மாணவர்கள் தங்கள் பள்ளிகளிலேயே சட்டைக் கையை மடித்துக்கொண்டு வரிசையில் நின்றனர். அவர்க்குச் செலுத்திய கோவாக்சின் என்னும் மருந்து, கொரோனா நச்சுயிரியை வளர்த்து, செயலறச் செய்து, பின்னர்ப் புட்டியில் அடைத்தது. பிளேக்கை எதிர்த்துப் பம்பாய்க் கல்லூரியின் ஓர் அறையிலும் தாழ்வாரத்திலும் ஹாப்கின் கையாண்ட முறையும் அத்தகையதே.